இரண்டாம் எதிர்த்தரப்பு வீட்டில் இல்லை

ஜூன் 4, திங்கள்

மேல்முறையீட்டுக்கு இன்று நம்பர் விழுந்தது. கீழ்க்கோர்ட் தீர்ப்புக்குத் தடையும் கொடுத்துவிட்டார்கள். ஆனால் ஜூலை 11 வரைக்கும்தான். அதற்குள் எதிர்த்தரப்பு அத்தனை பேருக்கும் நோட்டீஸ் போய்ச் சேர்ந்திருக்க வேண்டுமாம். சேராவிட்டால் தடை போய்விடும். தடை போனால் இந்த வீட்டை மூன்று பங்காக்குவார்கள். பதினெட்டடி அகல வீட்டை மூன்றாக்கினால் ஆளுக்கு ஒரு நடைபாதைதான் மிஞ்சும். அதனால் விற்றுப் பிரிப்பார்கள். அறுபத்தோரு வயதில் நான் வாடகை வீடு தேட வேண்டும்.

அத்தனை பேர் என்றால் இரண்டே பேர். முதலாவது என் தம்பி குருநாதன், வழக்குப் போட்ட புண்ணியவான். வீட்டு வரியை என் ஒருவன் பெயருக்கு மாற்றச் சொல்லி நான் மனுக் கொடுத்தேன். அதற்காக ஒருவன் கூடப்பிறந்தவனைக் கோர்ட்டுக்கு இழுப்பானா? இரண்டாவது அக்கா பவுனுத்தாய். கூண்டில் ஏறி அவன் பக்கம் சாட்சி சொன்னவள்.

"பாகப்பிரிவினை கேஸ்ல எல்லாருமே அவசியமான தரப்பு சார். ஒருத்தருக்குச் சார்வாகலைன்னாலும் கேஸ் நகராது" என்றார் வக்கீல் அருணகிரி. நோட்டீஸ் உரியவர் கைக்குப் போய்ச் சேர்வதைத்தான் கோர்ட்டில் சார்வு என்கிறார்கள்.

குமாஸ்தா பால்தாஸ் அக்காவின் முகவரியைக் கேட்டார். தீர்ப்பில் இருந்த சின்னமனூர் முகவரியையே சொன்னேன். தீர்ப்பில் உள்ளபடி சொல்வதுதானே முறை.

வீடு திரும்பும்போது குழாயில் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. ஒன்பது நாள் கழித்து வருகிறது. இரண்டு டிரம், நான்கு குடம் பிடித்தேன்.

ஜூன் 6, புதன்

திண்டுக்கல்லில் பிறந்ததற்கு எனக்கு ஒரே லாபம் நல்ல பூட்டு. முன்கதவில் வெளிப்பக்கம் ஏழு லீவர் பூட்டைத் தொங்கவிட்டுவிட்டு, பக்கச் சந்து வழியாகப் போய் வருகிறேன். பார்ப்பவனுக்கு வீட்டில் ஆள் இல்லை. எனக்கு நிம்மதி.

இந்தப் புத்தி எனக்குத் தானாக வரவில்லை. நான்கு வருஷத்துக்கு முன் குருநாதன் பெயர் போட்டு ஒரு பதிவுத் தபால் வந்தது. தம்பி ஏதோ அனுப்பியிருக்கிறான் என்று கையெழுத்துப் போட்டு வாங்கினேன், அதுவும் சிரித்துக்கொண்டே. உள்ளே வக்கீல் நோட்டீஸ். அன்றைக்குச் சில சட்டங்கள் போட்டுக்கொண்டேன். அந்தப் பக்கத்திலிருந்து எது வந்தாலும் கையால் தொடுவதில்லை. தெரியாத நம்பரை எடுப்பதில்லை. முகம் தெரியாத ஆளுக்குக் கதவைத் திறப்பதில்லை. நல்லது கெட்டதுக்கும் போவதில்லை. நான் பேசினால் பதிவு செய்வார்கள், போனால் போட்டோ எடுப்பார்கள், பிறகு சமாதானமாகிவிட்டோம் என்று கோர்ட்டில் காட்டுவார்கள்.

ஜூன் 9, சனி

பஸ் ஸ்டாண்டு அருகில் வாழைக்காய் வாங்கும்போது ஒருவர் தோளைத் தொட்டார். சின்னமனூரில் அக்கா குடியிருந்த வீட்டுக்கு எதிரே மாவு மில் வைத்திருந்தவர்.

"பவுனக்காவுக்கு ரொம்ப முடியலையாமே. நீங்க போய்ப் பாத்தீங்களா?" என்றார். "போடியில மக வீட்லதான இருக்காக?"

பஸ் வந்துவிட்டது என்று சொல்லி நகர்ந்தேன். எனக்கு ஏறுவதற்கு எந்தப் பஸ்ஸும் இல்லை. நடந்துதான் வந்தேன்.

வழியெல்லாம் யோசித்தேன். மாவு மில்காரருக்குத் திண்டுக்கல்லில் என்ன வேலை? நான் வாழைக்காய் வாங்கும் கடை அவருக்கு எப்படித் தெரியும்? அக்காவுக்கு உடம்பு சரியில்லை என்றால் மனசு இளகி ராஜிக்கு வருவேன் என்று குருநாதன் கணக்குப் போட்டிருப்பான். சின்ன வயதிலேயே அவன் அப்படித்தான். பள்ளிக்கூடம் போகாமலிருக்க அக்குளில் வெங்காயம் வைத்துக் காய்ச்சல் வரவழைப்பான்.

போடி என்று அவர் சொன்னது என் காதில் விழவில்லை. அப்படித்தான் வைத்துக்கொள்ள வேண்டும்.

ஜூன் 14, வியாழன்

குருநாதனுக்கு நோட்டீஸ் சார்வாகிவிட்டது. கோர்ட் அமீனா போன அன்றே கையெழுத்துப் போட்டு வாங்கியிருக்கிறான். அமீனாவுக்கு மோர் கொடுத்தானாம்.

ஒரு ஆள் கோர்ட் நோட்டீஸை இவ்வளவு சுலபமாக வாங்குவானா? எனக்கு இது பிடிபடவில்லை. அருணகிரியிடம் கேட்டால் "நல்லதுதானே சார், ஒரு வேலை முடிஞ்சது" என்கிறார். இந்த மனிதர் யாருக்கு வக்கீல் என்று சில நேரம் சந்தேகமாக இருக்கிறது.

ஜூன் 19, செவ்வாய்

அக்காவுக்குப் போன கவர் திரும்பி வந்தது. கதவு பூட்டியிருந்தது என்று தபால்காரர் குறிப்பு.

மின்வாரியத்தில் முப்பத்தோரு வருஷம் வீடு வீடாகப் போய் மீட்டர் கணக்கெடுத்தவன் நான். பூட்டிய கதவுகளைப் பற்றி எனக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம். கதவு பூட்டியிருக்கும், மீட்டர் சக்கரம் மட்டும் விறுவிறுவென்று சுற்றும். உள்ளே மின்விசிறிக்குக் கீழே ஆள் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். நான் சக்கரத்தைப் பார்த்துவிட்டு, "அம்மா, மிக்ஸி ஓடுது போல" என்று சொல்லி அடுத்த வீட்டுக்குப் போவேன்.

அக்காவை எங்கேயோ ஒளித்து வைத்திருக்கிறார்கள். அவளுக்குச் சார்வாகாவிட்டால் தடை போகும், குருநாதன் ஜெயிப்பான். இதுதான் திட்டம். இப்படி நான் சொன்னதும் பால்தாஸ் தாடையைச் சொறிந்தார். "அப்போ அக்கா இப்ப எங்க இருக்காங்கன்னு நீங்க கொஞ்சம் விசாரிச்சுச் சொல்லுங்களேன் சார்" என்றார்.

விசாரிக்கிறேன் என்று சொல்லியிருக்கிறேன்.

ஜூன் 20, புதன்

முருங்கையில் கம்பளிப்பூச்சி. பந்தம் கட்டிக் காட்டினேன். ஒரு நாள் முழுக்க அரிப்பு.

ஜூன் 22, வெள்ளி

காலை ஆறேமுக்காலிலிருந்து போன். ஒரே நம்பர், தெரியாத நம்பர். ஐந்து தடவை அடித்தது. ஐந்து தடவையும் சிவப்புப் பட்டனை அமுக்கினேன். என்னுடையது பழைய பட்டன் போன், அதுவரைக்கும் செய்யும்.

பதினொரு மணிக்கு ஒருவன் பைக்கில் வந்து இறங்கினான். நாற்பது வயதிருக்கும், கசங்கிய சட்டை, சவரம் செய்யாத முகம். முன்கதவின் பூட்டைப் பார்த்தான். நான் அடுப்படி ஜன்னல் இடுக்கில் நின்றுகொண்டிருந்தேன். என் கெட்ட நேரம், கிணற்று மோட்டாரை அப்போதுதான் போட்டிருந்தேன். சத்தம் தெருவரை கேட்கும். அவன் மீட்டர் பெட்டியைக்கூட எட்டிப் பார்த்தான். தொழில் தெரிந்தவன்.

"ஐயா, உள்ள இருக்கீங்கன்னு தெரியுதுங்க. ஒரு சேதி சொல்லணும். கதவைத் திறங்க" என்றான். இரண்டு தடவை, மூன்று தடவை.

என்ன சேதி என்று வாசலில் நின்றே சொல்ல வேண்டியதுதானே? சொல்லமாட்டான். கதவைத் திறந்ததும் காகிதத்தைக் கையில் திணிப்பான். சாட்சிக்குத் தெருமுனையில் ஒருவன் நிற்பான். குருநாதனும் ஏதோ எதிர்மனு போட்டிருக்கிறான், அதைச் சார்வு செய்ய வந்த ஆள்தான் இவன் என்று அப்போதே முடிவு செய்துவிட்டேன்.

இரண்டு மணி நேரம் வெயிலில் நின்றான். பக்கத்து டியூஷன் சென்டரைத் தட்டினான், அது பகலில் பூட்டித்தான் கிடக்கும். கடைசியில் ஒரு துண்டுச் சீட்டைக் கதவிடுக்கில் செருகிவிட்டுப் போனான். "இந்த நம்பருக்கு உடனே பேசவும், அவசரம்." காலையில் அடித்த அதே நம்பர்.

என் வாயைக் கிளறிப் பதிவு செய்யப் பார்க்கிறார்கள். சூடு கண்ட பூனைடா நான்.

ஜூன் 23, சனி

இன்று அந்த நம்பரிலிருந்து போன் இல்லை. பயந்துவிட்டார்கள்.

ஜூன் 27, புதன்

அமீனா சின்னமனூர் போய் வந்துவிட்டார். அந்த வீட்டில் இப்போது இருப்பவர்கள் புதிதாகக் குடிவந்தவர்களாம். இரண்டாம் எதிர்த்தரப்பு வீட்டில் இல்லை, இடம் மாறிச் சென்றுவிட்டார், எங்கே என்று தெரியவில்லை என்று அறிக்கை.

"இனி பேப்பர்ல விளம்பரம்தான் சார் வழி" என்றார் அருணகிரி. "பேப்பர்ல போட்டுட்டா சார்வான மாதிரி. அவங்க வரலைன்னா இல்லாத தரப்பாக்கி நம்ம பேசிக்கலாம். உங்க அக்கா வாயால விட்டுக்கொடுத்தாங்கன்னு சொல்றீங்களே, அதை மறுக்க ஆள் இருக்காது."

நான் யோசிக்காததையெல்லாம் இவர் யோசிக்கிறார். அக்கா பேப்பர் படிக்க மாட்டாள். அவளுக்குக் கையெழுத்துப் போடத் தெரியும், அவ்வளவுதான். பேப்பரில் பொரி மடித்து வந்தால் பொரியைத் தின்றுவிட்டுக் காகிதத்தைச் சன்னலில் செருகி வைப்பாள்.

இன்றைக்கு ரசம் நன்றாக அமைந்தது.

ஜூலை 2, திங்கள்

என் கணக்கு தப்பவில்லை. பதிவுத் தபால் வந்துவிட்டது. அனுப்புநர் கோ. குருநாதன், அவனுடைய சாய்ந்த கையெழுத்தேதான்.

தபால்காரர் எனக்குப் பழக்கம், சந்து வழியாகவே வருவார். "கவர் கனமா இல்ல சார். உள்ள ஏதோ கார்டு மாதிரி இருக்கு. பாத்துட்டு வேணாம்னா சொல்லுங்க" என்றார்.

"வாங்க மறுப்புன்னு எழுதுங்க" என்றேன்.

"சொந்தத் தம்பி போலயே சார்."

"அதனாலதான்."

எழுதிக்கொண்டு போனார். போகும்போது ஒருமுறை திரும்பிப் பார்த்தார். இவரையும் கவனித்துக்கொள்ள வேண்டும். கவரைத் தடவிப் பார்க்கிற தபால்காரர் நம்பத்தகுந்தவர் இல்லை.

ஜூலை 5, வியாழன்

விளம்பரத்துக்கு அனுமதி கேட்டு மனு. அதற்குப் பிரமாணப் பத்திரம் வேண்டும். பால்தாஸ் வாசித்தார்: "இரண்டாம் எதிர்த்தரப்பின் தற்போதைய முகவரி எனக்குத் தெரியாது. எவ்வளவோ முயன்று விசாரித்தும் அறிய இயலவில்லை. இது சத்தியம்."

வாசித்துவிட்டு என் முகத்தைப் பார்த்தார். எதற்குப் பார்க்கிறார்? குருநாதன் இவரிடமும் பேசிவிட்டானா? பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டேன்.

வழக்கின் ஆணிவேர் ஒன்றுதான், அதை இங்கேயும் எழுதி வைக்கிறேன். ஐந்து வருஷத்துக்கு முன் என் மனைவி அமுதவல்லி போய்ச் சேர்ந்தாள். எங்களுக்குப் பிள்ளை இல்லை. அக்கா வந்து பதினாறு நாளும் இந்த வீட்டிலேயே தங்கி, எனக்குச் சோறு போட்டு, கருமாதியன்று எல்லோரும் கிளம்பிய பிறகு, தன் பங்கு வேண்டாம் என்று வாயால் சொல்லிவிட்டுப் போனாள். கூண்டில் ஏறியதும் "அப்படிச் சொல்லலைங்க" என்றாள். என்னைப் பார்க்காமல் நீதிபதியின் மேஜையைப் பார்த்துச் சொன்னாள். பொய் சொல்கிறவர்கள்தான் முகத்தைப் பார்க்க மாட்டார்கள்.

ஜூலை 7, சனி

வாழைக்காய் வறுவல், பருப்பு. மதியம் நன்றாகத் தூங்கினேன்.

ஜூலை 11, புதன்

எழுதும்போது பேனா தாளைக் கிழிக்கிறது. கோபத்தில்தான்.

எங்கள் வழக்கைக் கூப்பிட்டார்கள். அருணகிரி எழுந்து விளம்பர மனுவைச் சொல்ல ஆரம்பித்தார். பாதியில் குருநாதனின் வக்கீல் எழுந்து ஒரு தாளை நீட்டினார். இரண்டாம் எதிர்த்தரப்பு போன மாதம் இறந்துவிட்டதாகக் குறிப்பு. நீதிபதி பார்த்துவிட்டு, வாரிசைச் சேர்க்க நடவடிக்கை எடுங்கள் என்று சொல்லி 18-ஆம் தேதிக்குத் தள்ளிவைத்தார். தடை அதுவரைக்கும் நீட்டிப்பு. அரை நிமிஷத்தில் முடிந்தது.

பார்த்தீர்களா வேலையை. விளம்பரம் போட்டால் நான் ஜெயித்துவிடுவேன் என்று தெரிந்ததும் உயிரோடு இருப்பவளைச் சாகடித்துவிட்டான். செத்தவளுக்கு நோட்டீஸ் சார்வு செய்ய முடியாது. வாரிசு, வாரிசுக்கு நோட்டீஸ், அதற்கு வாய்தா. அதற்குள் தடை போகும். இப்படி ஒரு யுக்தி நூறு வக்கீல் சேர்ந்தாலும் வராது.

வராண்டாவில் குருநாதன் நின்றான். இளைத்திருந்தான். "அண்ணே, ஒரு நிமிஷம்" என்று பக்கத்தில் வந்தான். நான் வெயிலுக்குக் குடையை விரித்து அவனுக்கும் எனக்கும் நடுவில் பிடித்துக்கொண்டு நடந்தேன்.

நாளைக்குக் காலை முதல் பஸ். அவளைக் கையும் களவுமாகப் பிடித்துக் கோர்ட்டுக்கே கூட்டிவரப் போகிறேன்.

ஜூலை 12, வியாழன்

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

ஒன்பது மணிக்குப் போடியில் இறங்கினேன். சந்தையைத் தாண்டி, வாய்க்கால் பாலத்தில் ஏறி, இரண்டாவது சந்தில் திரும்பி, பச்சைக் கேட் போட்ட வீடு. அக்கா மகள் சுகந்தி வீடு. யாரிடமும் வழி கேட்கவில்லை. பால் காய்ச்சியபோது அமுதவல்லியோடு வந்த வீடு இது. முகவரி தெரியாது என்று ஐந்தாம் தேதி சத்தியம் செய்தவனைக் கால்கள் நேரே கொண்டுபோய் நிறுத்தின. காலிடம் யாரும் பிரமாணம் வாங்கவில்லை.

கதவைத் தட்டினேன். சுகந்தி திறந்தாள். என்னைப் பார்த்தாள். தாய்மாமன் வாசலில் நிற்கிறேன், "வாங்க" என்றுகூடச் சொல்லவில்லை. குற்றமுள்ள நெஞ்சு என்று நினைத்தேன். அவள் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்து, தெருவுக்கே கேட்கும்படி கத்தினேன்.

"அக்கா, ஒளிஞ்சது போதும். வெளிய வா."

சுகந்தி ஒதுங்கி நின்றாள்.

எதிர்ச் சுவரில் அக்கா இருந்தாள். சட்டத்துக்குள், பொட்டு வைத்து, காய்ந்துகொண்டிருந்த சம்பங்கி மாலையோடு. கீழே விளக்கு எரிந்துகொண்டிருந்தது. துக்கம் கேட்க வருகிறவரை "வாங்க" என்று யாரும் சொல்லமாட்டார்கள். இது எனக்குத் தெரியாததா? தெரியும். நான் துக்கம் கேட்க வந்தவன் என்று அவள் நினைத்திருக்கிறாள்.

சுகந்தி நாற்காலியை இழுத்துப் போட்டாள். தண்ணீர் கொண்டுவந்தாள்.

"எப்போ?" என்று கேட்டேன்.

"போன மாசம் இருபத்திரண்டு, வெள்ளிக்கிழமை. விடியக்காலம் அஞ்சு மணிக்கு. ரெண்டு மாசமாவே சிறுநீரகம் வேலை செய்யல மாமா."

இருபத்திரண்டு. என் நாட்குறிப்பில் அந்தத் தேதியில் எழுதியது மனசில் வந்தது.

"உங்களுக்கு அஞ்சு தடவை போன் போட்டோம். எடுக்கல. சின்ன மாமா தானே கெளம்புனாரு. நான்தான், உங்களப் பாத்தா திறக்கவே மாட்டாரு, நீங்க போகாதீங்கன்னேன். எங்க வீட்டுக்காரரோட தம்பியை அனுப்பினோம். அவரை உங்களுக்குத் தெரியாதுல்ல, அதனால திறப்பீங்கன்னு நெனச்சோம்."

"அவர் என்ன சேதின்னு சொல்லவே இல்லையேம்மா."

"பூட்டின கதவுக்கு முன்னால நின்னு அக்கா செத்துப்போச்சுன்னு எப்படி மாமா கத்துறது? முகத்தைப் பாத்துத்தான சொல்லணும். எழுதி வச்சுட்டும் வரக்கூடாதுன்னு சின்ன மாமா சொல்லித்தான் விட்டாரு."

நான் தலையைக் குனிந்துகொண்டேன். அவள் நிறுத்தவில்லை. அழவும் இல்லை. இருபது நாளாகச் சேர்த்து வைத்திருந்ததை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தாள்.

"பொறந்த வீட்டுக் கோடித்துணி விழாம எடுக்க முடியாதுல்ல. மூத்தவர் கோடிதான் முதல்ல விழணும்னு சின்ன மாமா உக்காந்துட்டாரு. சாயங்காலம் ஆச்சு. ஊர்ல பெரியவங்க சத்தம் போட்டாங்க. நாளைக்குச் சனிக்கிழமை, சனிப்பொணம் தனியாப் போகாது, இன்னிக்கே எடுத்துருங்கன்னாங்க. அவரு கேக்கல. எங்கண்ணன் வருவாரு, கடைசி பஸ்ஸு வரைக்கும் பாப்போம்னாரு. கடைசி பஸ்ஸும் வந்துச்சு. மறுநாள் பாடையில துணைக்குக் கோழிக்குஞ்சு கட்டித்தான் அம்மாவை எடுத்தோம்."

"கோடி?"

"ரெண்டு எடுத்துட்டு வந்திருந்தாரு. தாலி இல்லாதவங்களுக்கு வெள்ளைதான போடணும்னு இங்க சொன்னாங்க. எங்க வீட்டுப் பிள்ளைக்கு எங்க இஷ்டம்னுட்டாரு. தீவாளிக்கு நீங்க எடுத்துக் குடுப்பீங்களே அரக்குக் கலரு, அதுலயே ஒண்ணு. இது திண்டுக்கல் அண்ணன் கோடின்னு உங்க பேரைச் சொல்லி அதைத்தான் முதல்ல போட்டாரு. அவரோடது ரெண்டாவது."

என் பெயரில் அவன் செய்கிற ஒவ்வொன்றிலும் ஏதாவது உள்குத்து இருக்கும் என்று நான்கு வருஷமாகத் தேடிப் பழகியவன் நான். இதிலும் தேடினேன். நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு தேடினேன். ஒன்றும் கிடைக்கவில்லை.

சுகந்தி எழுந்து போய்ப் படத்துக்குப் பின்னால் கையை விட்டு ஒரு கவரை எடுத்தாள். பதிவுத் தபால், ஒட்டியது ஒட்டியபடி. மேலே எங்கள் தபால்காரரின் எழுத்தில் "வாங்க மறுத்துவிட்டார், அனுப்புநருக்கே."

"சாதாத் தபால்னா கிழிச்சுப் போட்டுருவீங்களாம். கையெழுத்துப் போடுறதுன்னா வாங்குவீங்களாம். அப்படின்னு சொல்லித்தான் அனுப்பினாரு. திரும்பி வந்ததும் கருமாதியன்னிக்கு இங்க கொண்டாந்து வச்சுட்டாரு. அவரு வர்றன்னிக்கு வாங்கிக்கட்டும்னாரு."

கையை நீட்டி வாங்கினேன். அந்தப் பக்கத்திலிருந்து வந்த எதையும் கையால் தொட்டு நான்கு வருஷம் ஆகிறது.

உள்ளே கருமாதிப் பத்திரிகை. ஜூலை 7, சனிக்கிழமை. நான் வாழைக்காய் வறுத்துத் தின்றுவிட்டுத் தூங்கிய நாள். அக்காவின் பெயர், வயது, நேரம், இடம். கீழே வலப்பக்கம் அச்சிட்டிருந்தது: "துயருடன் அழைக்கும் சகோதரர்கள்." முதல் வரி, கோ. பரமானந்தம், திண்டுக்கல். இரண்டாம் வரி, கோ. குருநாதன்.

யாரைச் சேர்ப்பது, யாரை இல்லாத தரப்பாக்குவது என்று நான் வக்கீல் ஆபீஸில் உட்கார்ந்து யோசித்துக்கொண்டிருந்த அதே நாட்களில், அவர்கள் ஒருவரையும் விடாமல் அச்சடித்திருக்கிறார்கள். அங்கேதான் அழுதேன். சுகந்தி என்னை அழவிட்டுவிட்டு உள்ளே போய் உலை வைத்தாள். சாப்பிடாமல் போகவிடவில்லை.

திரும்பும் பஸ்ஸில் ஒன்று தீர்மானமாகத் தெரிந்தது. அதையும் எழுதிவிடுகிறேன். அமுதவல்லி கருமாதியன்று அக்கா சொன்னது இதுதான்: "தம்பி, நீ இருக்கிற வரைக்கும் இந்த வீட்டை யாரும் கேக்க மாட்டோம். தைரியமா இரு." இருக்கிற வரைக்கும் என்றுதான் சொன்னாள். பங்கு வேண்டாம் என்று அவள் சொல்லவே இல்லை. வீட்டு வரியை மாற்ற மனுக் கொடுத்த அன்று நான் அதை அப்படித் திருத்திக்கொண்டேன். பிறகு திருத்தியதையே நம்பவும் ஆரம்பித்துவிட்டேன்.

ஜூலை 13, வெள்ளி

குழாயில் தண்ணீர் வந்தது. குடம் வைக்கவில்லை.

ஜூலை 16, திங்கள்

அருணகிரி உற்சாகமாக இருந்தார். மகளை வாரிசாகச் சேர்க்க இன்னும் இரண்டு மாதத்துக்கு மேல் அவகாசம் இருக்கிறதாம், கவலையே வேண்டாமாம். மனுவும் பிரமாணப் பத்திரமும் தயாராக இருந்தன. பால்தாஸ் வாசித்தார்.

"இரண்டாம் எதிர்த்தரப்பு இறந்த விவரம் மேல்முறையீட்டாளரான எனக்கு எவராலும் எந்த வகையிலும் தெரிவிக்கப்படவில்லை."

வாசித்துவிட்டு, அன்றைக்குப் பார்த்ததுபோலவே என் முகத்தைப் பார்த்தார். இந்தத் தடவை எனக்குச் சந்தேகம் வரவில்லை. பேனாவைக் கேட்டு வாங்கி அந்த வரியை அடித்தேன்.

"என்ன சார் பண்றீங்க?" என்றார் அருணகிரி.

"எல்லா வகையிலும் தெரிவிச்சாங்க. நான்தான் வாங்கல."

அவர் எழுந்து போய் ஆபீஸ் கதவைச் சாத்திவிட்டு வந்தார். "சார், சட்டத்துல வாங்க மறுத்தாலே சார்வானதுதான். நீங்க மறுத்தது வெளியில வந்தா நமக்குத்தான் கஷ்டம். அதோட முகவரி தெரியாதுன்னு ஏற்கெனவே சத்தியம் பண்ணிட்டீங்க. ஒண்ணு உடைஞ்சா எல்லாம் உடையும். தடை நிக்காது. வீடு போயிடும் சார்."

"முகவரி தெரியும்னும் எழுதுங்க. வாயால விட்டுக்கொடுத்ததுன்னு ஒரு பாயிண்டு இருக்கே, அதையும் எடுத்துருங்க."

"அதை எடுத்தா அப்பீலே இல்ல சார்."

"சரி."

சுகந்தியின் முகவரியைக் கதவு எண்ணோடு, பின்கோடோடு நானே எழுதிக் கொடுத்தேன். பால்தாஸ் வாங்கி வைத்துக்கொண்டார். பிறகு அடித்த வரிக்கு மேலே, கோர்ட்டில் எழுதுகிற மாதிரியே நானும் எழுதினேன்:

"22-6 அன்று போன் வழியாக ஐந்து முறை தெரிவிக்கப்பட்டது. அன்றே ஆள் வழியாகத் தெரிவிக்கப்பட்டது. 2-7 அன்று பதிவுத் தபால் வழியாகத் தெரிவிக்கப்பட்டது. மூன்று முறையும் மேல்முறையீட்டாளர் வீட்டில்தான் இருந்தார்."